குதிரை இல்லாத ஒன்பது பாட்டு

கன்ட்ரி ராக் பாட்டு எழுத என்னென்ன வேண்டும் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் என் மனைவியும் உட்கார்ந்து யோசித்தோம். ரயில் வேண்டும். கொட்டகலை ஸ்டேஷன் எங்கள் தேயிலைத் தோட்டத்திலிருந்து நடக்கிற தூரம்தான். லொறி வேண்டும். கொழுந்து லொறி தினமும் வரிசை வீடுகளான எங்கள் லயத்து வாசலில் புகை விட்டுவிட்டுத்தான் போகிறது. மழை, மலை, மண் ரோட்டு, பிரிந்துபோன காதலி, குடித்துவிட்டுப் புலம்பும் ஆண்பிள்ளை, இவை எல்லாம் எங்களிடம் தேவைக்கு மேலேயே இருந்தன. குதிரை மட்டும்தான் இல்லை. நுவரெலியாவில் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு சுற்றும் மட்டக்குதிரைகள் உண்டு. அவற்றைப் பார்த்தால் பாட்டு வராது, பாவமாகத்தான் இருக்கும்.

"குதிர இல்லாம இந்தப் பாட்டு எடுபடாதுடா" என்றார் அப்பா, உள்ளே கட்டிலில் படுத்தபடியே.

அப்பாவுக்கு இதில் கருத்துச் சொல்ல முழு உரிமை உண்டு. அவர் தோட்ட மேனேஜரான பெரிய துரையின் பங்களாவில் கோக்கியாக, அதாவது சமையல்காரராக, வேலை பார்த்தவர். அங்கே இருந்த துரை ஒருவருக்கு கன்ட்ரி பாட்டென்றால் பைத்தியம். காலையில் முட்டை பொரிக்கும்போது தொடங்கும் கேசட், ராத்திரி சூப் ஆறிப்போகும் வரை ஓடுமாம். அப்பாவுக்கு அதில் ஒரு வார்த்தையும் புரியாது. ஆனால் மெட்டு அத்தனையும் மனப்பாடம். அந்தத் துரை மாற்றலாகிப் போனபோது மூன்று கம்பி மட்டும் மிஞ்சிய ஒரு கிதாரையும், ஒரு பிஸ்கட் டின் நிறையக் கேசட்டுகளையும் அப்பாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். அப்போது அம்மா உயிரோடு இருந்தார். நல்ல கோட்டு ஒன்று தருவார் என்று காத்திருந்தவர், டின்னைத் திறந்து பார்த்துவிட்டு இரண்டு நாள் பேசவில்லை. நான் கிதார் பழகியது அந்த மூன்று கம்பியில்தான். மற்ற மூன்றும் எனக்குச் சம்பளம் வந்த பிறகு வந்து சேர்ந்தன.

எங்கள் பேண்டில் நான்கு பேர். நான் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார், பேண்டில் கிதார். என் மனைவி பாடுவாள். வார நாளில் அவள் தோட்டத்துப் பிள்ளைக்காம்பராவில் டீச்சர். அம்மாமார் கொழுந்தெடுக்கப் போகும்போது கைக்குழந்தைகளை விட்டுவிட்டுப் போகும் இடம் அது. அத்தனை குழந்தைகளின் அழுகையையும் மீறிப் பாடிப் பழகிய குரல், மைக் இல்லாமலே அடுத்த மலைக்குப் போகும். மூன்றாவது ஆள் தேயிலை ஃபாக்டரியில் மிஷின் பழுது பார்க்கும் பிட்டர். ஞாயிறு காலை மாதா கோயில் பூசையில் கிதார் வாசித்துவிட்டு, அதே கையோடு எங்களிடம் வருவார். ஃபாக்டரியில் கழித்துப் போட்ட ஒரு துண்டு பைப்பை அறுத்து, தேய்த்து, பளபளவென்று ஆக்கி, விரலில் மாட்டிக்கொண்டு கம்பியின்மேல் வழுக்கவிடுவார். அந்தச் சத்தம் கேட்டால் நான் இன்றைக்கும் என் வாசிப்பை நிறுத்திவிட்டுக் கேட்பேன். நான்காவது ஆள் ஆட்டோ ஓட்டுகிறவர், டிரம்மர்.

பேண்டுக்குப் பெயர் வைக்கப் போய் சண்டை வந்து, ஒருவரோடொருவர் ஒரு மாதம் பேசாமல் இருந்தோம். அதனால் பெயர் வைக்கவில்லை. ஆல்பத்தின் அட்டையில் இன்றும் பெயர் கிடையாது. அப்பாவின் பிஸ்கட் டின் படம் மட்டும் இருக்கிறது.

மூன்று வருடமாக ஆல்பம் போடப்போகிறோம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம். பாட்டுக்கள் இருந்தன. பதிவு செய்ததுதான் ஒன்றுமில்லை. ஒரு ஞாயிறு மழை, ஒரு ஞாயிறு கலியாணம், ஒரு ஞாயிறு பிட்டர் அண்ணனுக்கு ஃபாக்டரியில் மிஷின் ரிப்பேர். இப்படியே போனபோதுதான் அப்பாவுக்கு முடியாமல் வந்தது. நெஞ்சில் நீர் கோத்துக்கொண்டது, இதயம் பலவீனம் என்றார்கள். ஆஸ்பத்திரியில் வைத்திருந்துவிட்டு, "வீட்ல வச்சுப் பாத்துக்கங்க" என்று அனுப்பினார்கள். அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று தோட்டத்தில் எல்லோருக்கும் தெரியும். அப்பாவுக்கும் தெரியும்.

"ஒங்க ஆல்பம் வர்றதுக்குள்ள நான் போயிருவேன்டா" என்பார் சிரித்துக்கொண்டே.

எனக்குச் சுருக்கென்று கோபம் வரும். "சும்மா இருங்கப்பா" என்று எரிந்து விழுவேன். கோபம் அவர்மேல் இல்லை. மூன்று வருடத்தை வீணாக்கிய என்மேல்தான். அவர் காதால் அதைக் கேட்காமல் போய்விட்டால், பிறகு எத்தனை பேர் கேட்டு என்ன? அந்த வாரமே ஹட்டனுக்குப் போனேன். கலியாண வீடுகளுக்கும் கோயில் திருவிழாக்களுக்கும் ரெக்கார்டிங் செய்கிற ஒருவரைப் பிடித்து, "ஞாயித்துக்கிழமை வாறீங்க, மழை பேஞ்சாலும் வாறீங்க" என்று சொல்லிவிட்டு வந்தேன். ஒரு பிள்ளையை வகுப்பில் அதட்டுகிற குரலில் சொல்லியிருக்க வேண்டும். மனிதர் மறுபேச்சுப் பேசவில்லை.

ஸ்டூடியோ, பிள்ளைக்காம்பராதான். ஞாயிற்றுக்கிழமை அங்கே குழந்தைகள் கிடையாது, சாவி என் மனைவியிடம். தொட்டில் சேலைகளை அவிழ்த்து ஜன்னலில் தொங்கவிட்டோம். பாய்களைச் சுவரோடு சுவராக நிறுத்தினோம். ஆனா, ஆவன்னா படங்களுக்குக் கீழே ரெக்கார்டிங்காரர் லேப்டொப்பை விரித்து உட்கார்ந்தார். எங்கள் லயம் அதற்கு நேர் கீழே, நூறு அடி தூரத்தில். கதவைத் திறந்து வைத்தால் அப்பாவின் இருமல் கேட்கும்.

முதல் பாட்டு ரயில் பாட்டு. ஹட்டனிலிருந்து சுரங்கத்துக்குள் புகுந்து கொட்டகலைப் பக்கம் மூச்சு வாங்கிக்கொண்டு ஏறும் ரயில். முதலில் மெதுவாக, விட்டு விட்டு அடி விழ வேண்டும். பிறகு வேகம் பிடிக்க வேண்டும். எங்கள் டிரம்மரிடம் சின்ன டிரம்மும் தட்டும் உண்டு, பெரிய டிரம் இல்லை. அடி எடுபடாமல் சப்பென்று இருந்தது.

"தப்பு இருக்குல்ல சார்" என்றார் டிரம்மர். அவர்கள் குடும்பம்தான் தோட்டத்துக்குத் தப்பென்னும் பறையை அடிக்கிற குடும்பம். நான் கொஞ்சம் யோசித்தேன். அவர் முகம் மாறிவிட்டது. "சாவுக்கு மட்டும் எங்க தப்பு வேணும், பாட்டுக்கு வேணாமா சார்?"

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. "எடுத்துட்டு வாங்க" என்றேன்.

தப்பைக் காய்ச்ச வேண்டும், அப்போதுதான் தோல் இறுகிச் சத்தம் எழும்பும். கவ்வாத்து வெட்டிய தேயிலைக் குச்சிகளைக் குவித்து வாசலில் தீ மூட்டினோம். ஈரக் குச்சி. நல்ல புகை. உள்ளே வைத்து அடித்துப் பார்த்தால் ரெக்கார்டிங்காரர் ஹெட்போனைக் கழற்றி எறிந்தார். "மண்டையில அடிக்கிற மாதிரி இருக்கு. வெளிய போய் நின்னு அடிங்க." மைக்கை வாசலில் வைத்தார். டிரம்மர் பள்ளத்தாக்கைப் பார்த்து நின்று, மெதுவாக, விட்டு விட்டு அடித்தார். எதிர் மலை அதை வாங்கித் திருப்பித் தந்தது. அற்புதமாக இருந்தது. நான்கு தடவை எடுத்தோம். ஐந்தாவது தடவை இன்னும் நன்றாக வரும் என்று பேராசைப்பட்டது நான்தான்.

ஐந்தாவது தடவை அடித்துக்கொண்டிருக்கும்போது மேலேயிருந்து ஒரு ஓலம் கேட்டது.

எங்கள் தோட்டத்தின் மேல் டிவிஷனுக்கு மேற்கணக்கு என்று பெயர். அங்கே போனில் சிக்னல் கிடையாது. அதனால் ஒரு சாவு விழுந்தால் இன்றைக்கும் சேதி போவது தப்புச் சத்தத்தில்தான். மெதுவாக, விட்டு விட்டு விழும் அந்த அடியைக் கேட்டால் கையிலிருப்பதைப் போட்டுவிட்டு இறங்கி வருவார்கள். சத்தம் வந்ததோ எங்கள் லயத்துப் பக்கமிருந்து. புகையும் தெரிந்தது. எங்கள் லயத்தில் போவதற்குத் தயாராக இருந்த ஆள் ஒருவர்தான்.

முன்னால் அத்தை வந்தார், அப்பாவின் கூடப்பிறந்த தங்கை. தலைமுடி அவிழ்ந்து கிடந்தது. "என்னய விட்டுட்டுப் போயிட்டியே அண்ணே" என்று மார்பில் அடித்துக்கொண்டு படிக்கட்டுப் பாதையில் இறங்கினார். பின்னால் நாற்பது ஐம்பது பேர். சாவு வீட்டுக்குத் தேயிலையும் சீனியும் கொண்டுபோவது எங்கள் வழக்கம், எல்லோர் கையிலும் பொட்டலம். ஒருவர் பந்தல் போடத் தறப்பாளைத் தோளில் சுமந்து வந்தார். தோட்டத் தலைவர் பெட்டிக்குச் சொல்லிவிட்டே வந்திருந்தார்.

நிறுத்தச் சொல்ல நான் வாய் திறப்பதற்குள் அவர்கள் பிள்ளைக்காம்பராவைத் தாண்டி லயத்து வாசலுக்குப் போய்விட்டார்கள். அங்கே கம்பளித் தொப்பியும் ஸ்வெட்டருமாக அப்பா, கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். தங்கையின் ஓலம் கேட்டுப் பதறி எழுந்து வந்திருக்கிறார்.

"யாருடி போனது?" என்றார்.

அத்தை அப்படியே நின்றுவிட்டார். கையை மார்பிலிருந்து எடுக்கவும் இல்லை. "நீதாண்ணே" என்றார்.

முதலில் சிரித்தவர் அப்பா. இருமலும் சிரிப்புமாக வாசல்படியில் உட்கார்ந்தே விட்டார். அத்தை என்னைத் தேடி வந்தார், கையில் எங்கள் வீட்டு விளக்குமாறு. ஐம்பது பேர் பார்க்கக் கணக்கு வாத்தியார் முதுகில் இரண்டு விழுந்தது. நான் டிரம்மரைப் பார்த்துக் கத்தினேன். "எந்த அடிய அடிச்சீங்க?"

"கை தானா அந்த அடிக்குப் போயிருச்சு சார்" என்றார் அவர். "மெதுவான அடின்னா எனக்கு அது ஒண்ணுதான் தெரியும்."

மூன்று வருடம் பாட்டெழுதிய, தோட்டத்திலேயே பிறந்து வளர்ந்த எனக்குத் தெரியாமலா போயிற்று என்று கேட்டால், ஆமாம், தெரியாமல்தான் போயிற்று. என் காதில் ரயில்தான் ஓடிக்கொண்டிருந்தது.

வந்தவர்களைச் சும்மா அனுப்ப முடியாது. டீ போட வேண்டும். வீட்டில் அவ்வளவு சீனி இல்லை. வந்த பொட்டலங்களைப் பார்த்துக்கொண்டு என் மனைவி தயங்கினாள். சாவுக்கென்று கொண்டுவந்த சீனியை உயிரோடு இருக்கிற வீட்டில் போடலாமா?

"செத்தது நான்தானே, நான் சொல்றேன், போடு தாயி" என்றார் அப்பா.

டீயைக் குடித்துக்கொண்டே யார் யார் வந்திருக்கிறார்கள் என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். "மேட்டு லயத்துக்காரன் வரல பாத்தியா" என்று தலைவரிடம் குறைப்பட்டுக்கொண்டார். அவர் நல்லதண்ணிக்குச் சிவனொளிபாத மலை யாத்திரை சீசனில் கடை போடப் போயிருக்கிறார் என்று நான்கு பேர் சமாதானம் சொன்ன பிறகுதான் மனம் ஆறினார். பிறகு என் பக்கம் திரும்பினார். "வந்தது வந்துட்டாங்க. அந்தப் பாட்டப் போடு, கேப்போம்."

ரெக்கார்டிங்காரர் ஸ்பீக்கரைத் தூக்கிவந்து லயத்து வாசலில் வைத்தார். போடுவதற்கு முன் என் காதில் மெதுவாகச் சொன்னார். "சார், மைக் ஓடிக்கிட்டுத்தான் இருந்துச்சு. அந்தம்மா அழுதது அப்படியே விழுந்திருக்கு. அதவிட, அவங்க சுருதியில வந்திருக்காங்க."

உண்மைதான். தப்பு மெதுவாக விழ, எதிர் மலை திருப்பிச் சொல்ல, தூரத்திலிருந்து அத்தையின் குரல் இறங்கி இறங்கி வந்தது. பிட்டர் அண்ணனின் பைப் துண்டு வழுக்கினால் என்ன சத்தம் வருமோ அதே சத்தம். அடுத்து நான் கிதாரில் சேர்ந்துகொண்டேன், அண்ணன் பைப்பை வழுக்கினார், என் மனைவி வாசலில் நின்றே பாடினாள். ரயில் ஏறிற்று. அப்பா கண்ணை மூடிக்கொண்டிருந்தார். வாசல்படியில் அவர் பாதம் ஆடுவதைப் பார்த்தேன். முட்டை பொரிக்கும்போதும் இப்படித்தான் ஆடியிருக்கும்.

பாட்டு முடிந்ததும், "இவ அழுகைய வெட்டிறாதீங்க" என்றார். "இன்னும் எத்தனடா இருக்கு?"

"எட்டு."

"எட்டா?" பெருமூச்சு விட்டார். "சரி. அதுவரைக்கும் இருந்து பாக்குறேன்."

எனக்கு அன்றைக்கு இருந்த சந்தோஷத்தை என்னவென்று சொல்வது! முதுகு வலித்தது, இருந்தாலும் சந்தோஷம்.

அதற்குப் பிறகு ஒரு ஏற்பாடு வந்தது. ஒவ்வொரு சனிக்கிழமையும் காலைப் பெரட்டில், வேலைக்கு ஆட்களைப் பிரித்துவிடும் இடத்தில், கங்காணி சத்தமாகச் சொல்வார்: "நாளைக்குத் தப்புச் சத்தம் கேட்டா யாரும் சாகல, மாஸ்டர் வீட்டுப் பாட்டு." முதல் வாரம் சிரித்தார்கள். இரண்டாம் வாரம் வேடிக்கை பார்க்க வந்தார்கள். பிறகு அந்த அடி எல்லோருக்கும் பிடித்துப்போனது. பள்ளிக்கூடத்தில் என் வகுப்புப் பிள்ளைகள் மேசையில் அதை அடிப்பார்கள். திரும்பினால் நிறுத்திவிட்டு மிக ஒழுக்கமாகப் பலகையிலுள்ள பின்னக் கணக்கைப் பார்ப்பார்கள். அத்தையோ ஞாயிறு தவறாமல் நல்ல சேலை கட்டி, தலை சீவி, பூ வைத்து இறங்கி வந்துவிடுவார். "இன்னைக்கு நான் எங்க அழணும்?" என்பார். ஒரு பாட்டில் அழவேண்டாம், கை மட்டும் தட்டுங்கள் என்றதற்குக் கோபித்துக்கொண்டார்.

அப்பா வாராவாரம் ஒரு பாட்டாகக் கேட்டார். சில வாரம் எழுந்து உட்கார்ந்து கேட்டார், சில வாரம் படுத்தே கேட்டார். நாலாவது பாட்டு சரியில்லை, சூப்பில் உப்பில்லாத மாதிரி இருக்கிறது என்றார். நாங்கள் கோபித்துக்கொண்டு வெளியே போய், ஒரு மணி நேரம் கழித்துத் திரும்பி வந்து அதை மாற்றி எடுத்தோம். சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்.

ஒன்பதும் முடிந்து ஆல்பம் வந்தது. போனிலிருந்து போனுக்குப் போயிற்று. ஹட்டன் பஸ் ஸ்டாண்டில் ஒரு கண்டக்டரின் போன் எங்கள் தப்படியில் அடித்தபோது நான் பஸ்ஸையே தவறவிட்டேன். அத்தையை மேற்கணக்கில் ஆர்ட்டிஸ்ட் என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். முதல் ஆல்பம் வந்து பத்து நாளிலேயே, "ரெண்டாவது எப்பப்பா? என்னயத்தான் கூப்புடணும், சொல்லிட்டேன்" என்றார்.

அப்பா ஒன்பது பாட்டையும் வரிசையாக, ஒரே மூச்சில் கேட்க வேண்டுமென்றார். போட்டேன். நடுவில் இரண்டு தடவை தூங்கிவிட்டார், விழித்ததும் தூங்கிய பாட்டைத் திரும்பப் போடச் சொன்னார். எல்லாம் முடிய மத்தியானமாகிவிட்டது. நான் பரீட்சை எழுதியவன்போல் பக்கத்திலேயே நின்றேன்.

"குதிர இல்லாத கொற தெரியலடா" என்றார்.

எனக்கு அது போதும். வெளியே போய், காரணமில்லாமல் ஆட்டோவைக் கழுவிக்கொண்டிருந்த டிரம்மரைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

அதற்கு மூன்று வாரம் கழித்து, பள்ளிக்கூட லீவு நாளில், நல்ல வெயில் அடித்துக்கொண்டிருந்த ஒரு புதன்கிழமை காலையில் அப்பா ப்ளேன் டீ கேட்டார். என் மனைவி போட்டுக்கொண்டு வருவதற்குள் போய்விட்டார். கஷ்டப்படவில்லை. முகத்தில் ஒரு சுளிப்புக்கூட இல்லை.

டிரம்மர் ஓடி வந்தார். யாரும் சொல்லாமலே குச்சிகளைக் குவித்துத் தீ மூட்டினார், தப்பைக் காய்ச்சினார். அதே இடத்தில், பள்ளத்தாக்கைப் பார்த்து நின்று அடித்தார். அழுதுகொண்டே அடித்தார். எதிர் மலை அதை வாங்கித் திருப்பித் தந்தது.

ஒருவரும் வரவில்லை.

மேல் மலையில் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்த பெண்கள் எங்களைப் பார்த்துக் கையசைத்தார்கள். ஒரு பெண் கூடையோடு இரண்டு அடி ஆடியும் காட்டினாள். டிரம்மர் கையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "சார், யாரும் வரல சார். பாட்டுன்னு நெனச்சுட்டாங்க."

அவரை அடித்துக்கொண்டே இருக்கச் சொல்லிவிட்டு நான் மேற்கணக்குக்கு ஏறினேன். வழியில் பார்த்தவர்களிடமெல்லாம், "இது பாட்டு இல்லங்க, அப்பா போயிட்டாரு" என்று சொல்லிக்கொண்டே போனேன். ஒவ்வொருவரும் முதலில் சிரித்தார்கள், பிறகுதான் என்னைப் பார்த்தார்கள். நான் சொல்லச் சொல்ல அது எனக்கே வேறு யாருடைய அப்பாவோ என்பதுபோல் இருந்தது.

அத்தை வீட்டு வாசலில் நின்றார். நல்ல சேலை கட்டியிருந்தார். தலையில் பூ. கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டிருந்தார்.

"இந்தா வந்துட்டேன்ப்பா" என்றார் சிரித்த முகமாக. "இந்த வாட்டி பெரட்டுல கூடச் சொல்லாம ஆரம்பிச்சிட்டீங்க. எத்தனாவது பாட்டு இது?"

நான் மூச்சு வாங்க அவர் முன்னால் போய் நின்றேன்.

அத்தை என் முகத்தைப் பார்த்தார். கீழேயிருந்து தப்பு விழுந்துகொண்டிருந்தது, மெதுவாக, விட்டு விட்டு. தலையிலிருந்த பூவை எடுத்து வாசல் கல்லில் வைத்தார். கதவைத் திரும்பத் திறந்து உள்ளே போய், சீனியும் தேயிலையும் பொட்டலமாகக் கட்டி எடுத்துவந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினார். அன்றைக்கு ஓலமிட்டு வந்த அதே பாதைதான். இந்த முறை அத்தை அழவில்லை, ஒரு சத்தமும் போடவில்லை. எங்கள் லயம் தெரியும் வரைக்கும் அப்படியே வந்தார். எனக்குத்தான் நடுவழியில் முடியாமல் போய், தேயிலைக்குள் உட்கார்ந்து அழுதேன்.